இன்னொரு பூமி: வொலஸின் வாதமும் அதற்குப் பின்னான நூற்றாண்டும்

கி.பி. 1000 ஆம் ஆண்டை ஒட்டிய காலத்தில் மத்திய ஆசியாவின் இரண்டு இளைஞர்களுக்கிடையே கடிதப் போக்குவரத்து ஒன்று நடந்தது. ஒருவர் குவாரிஸ்மைச் சேர்ந்த அல்பிரூனி. மற்றவர் புகாராவின் இப்னு ஸீனா. முன்னவர் இன்னும் முப்பதைத் தொடவில்லை. பின்னவருக்கு இருபது வயதளவில் இருக்கும். அல்பிரூனி பதினெட்டு வினாக்களை எழுதி அனுப்பினார். அவற்றுள் பத்து, வானம் பற்றி அரிஸ்டோட்டில் எழுதிய நூலின் மீது எழுந்த ஐயங்கள். நாம் அறிந்த இவ்வுலகுக்கு அப்பால் வேறு இயல்புடைய இன்னோர் உலகம் இருக்கலாம் என்போரை அரிஸ்டோட்டில் ஏன் இகழ்கிறார் என்பது அவற்றில் ஒரு வினா. பிறவியிலேயே பார்வையற்ற ஒருவன், பிறர் சொல்லக் கேட்டாலன்றி, பார்வை என ஒரு புலன் இருப்பதைத் தானாக அறியமாட்டான். அவ்வாறிருக்க, நாம் கண்ட இயல்புகளை மட்டும் வைத்துக்கொண்டு காணாதவை இல்லையென்று சொல்வது எப்படிப் பொருந்தும் என்று கேட்டார் அல்பிரூனி.

இப்னு ஸீனா அரிஸ்டோட்டிலின் பக்கமே நின்றார். மண் தன் மையத்தை நோக்கி விழுகிறது, நெருப்பு மேலெழுகிறது, உலகங்கள் இரண்டானால் மையங்களும் இரண்டாகும், அப்போது மண் எந்த மையத்தை நோக்கி விழும் என்பதே அக்கால மெய்யியலின் பிடி. விவாதம் சூடுபிடித்தது. இறுதிச் சுற்றில் இப்னு ஸீனாவுக்காக அவருடைய மாணவர் மஃஸூமியே விடையெழுத வேண்டியதாயிற்று. இருநூறு ஆண்டுகள் கழித்து வந்த பக்ருத்தீன் ராஸி (மறைவு 1210) இப்னு ஸீனாவின் தரப்பை ஏற்கவில்லை. உலகுக்கு அப்பால் எல்லையற்ற வெளி உண்டென்றும், இறைவன் நாடினால் அதில் ஆயிரமாயிரம் உலகங்களைப் படைக்க ஆற்றலுடையவன் என்றும் அவர் வாதித்தார். 1277 இல் பரிஸ் நகரின் ஆயர் தொம்பியே தடைசெய்த 219 கூற்றுகளுள், இறைவனால் பல உலகங்களைப் படைக்க முடியாது என்பதும் ஒன்று. ஒரே வினா இரு சமயத்தாரின் மத்ரஸாக்களிலும் மடங்களிலும் ஏறத்தாழ ஒரே பாதையில் நடந்திருக்கிறது.

இதைச் சொன்னவுடன், ‘பார்த்தீர்களா, எல்லாம் நம்மவர் முன்னரே சொல்லியாகிவிட்டது’ என்று கைதட்டுவோர் இருப்பார்கள். விஞ்ஞானம் ஒரு முடிவுக்கு வந்த பிறகு பழைய ஏட்டைப் புரட்டி அம்முடிவை அங்கே தேடியெடுக்கும் வழக்கத்தில் எனக்கு உடன்பாடில்லை. அது ஏட்டுக்கும் பெருமையல்ல, விஞ்ஞானத்துக்கும் பெருமையல்ல. அல்பிரூனியும் ராஸியும் வேற்றுக்கோள்களைக் கண்டுபிடிக்கவில்லை. இருக்க முடியுமா, முடியாதா என்பதே அவர்களுடைய வழக்கு. எத்தனை இருக்கின்றன, அவற்றில் உயிர் உண்டா என்று கணக்குப் பார்க்க அவர்களிடம் அளவுகோல் எதுவும் இல்லை. ஆயினும், கண்டது ஒன்றே ஒன்றாக இருக்கும்போது காணாதவற்றைப் பற்றி எவ்வளவு தூரம் பேசலாம் என்ற அல்பிரூனியின் ஐயம் இன்றைக்கும் பழசாகவில்லை.

கொப்பர்னிக்கஸுக்குப் பின் நிலைமை தலைகீழானது. பூமியும் ஒரு கோள் என்றானதும் ஏனைய கோள்களும் பூமிகளாகிவிட்டன. 1698 இல் வெளியான கிறிஸ்டியன் ஹைகன்ஸின் நூல், கோள்களில் வாழ்வோரின் உருவம், கலை, கல்வி பற்றியெல்லாம் ஆராய்ந்தது. யுரேனஸைக் கண்டறிந்த வில்லியம் ஹேர்ஷல் சூரியனிலேயே குடிகள் இருக்கலாம் என்று 1795 இல் எழுதினார். ஸ்கொட்லாந்தில் நீண்டகாலம் பாடசாலை ஆசிரியராக இருந்த தோமஸ் டிக், 1837 இல் சூரியத் தொகுதிக்கே குடிசன மதிப்பீடு செய்துவிட்டார். இங்கிலாந்தின் மக்கள் செறிவை எடுத்துக் கோள்களின் பரப்பால் பெருக்கி, சனியின் வளையங்களையும் விட்டுவைக்காமல், ஏறக்குறைய 22 இலட்சம் கோடி என்ற விடையைப் பெற்றார். பெருக்கலில் பிழையில்லை. நம் தொழிற்காரரின் குணம் அது: தரவு எங்கிருந்து வந்தது என்று கேளாமல் செய்கைவழியைச் சரியாகச் செய்துவிடுவோம்.

இந்தத் தாராளத்தின் உச்சம் செவ்வாயில் நிகழ்ந்தது. 1877 இல் இத்தாலிய வானியலாளர் ஸ்கியாபரெல்லி செவ்வாயின் மேற்பரப்பில் மெல்லிய கோடுகளைக் கண்டு அவற்றுக்கு வாய்க்கால் என்றும் பொருள்படக்கூடிய ஓர் இத்தாலியச் சொல்லை இட்டார். அமெரிக்கச் செல்வந்தர் பேர்சிவல் லொவெல் 1894 இல் அரிசோனாவில் சொந்தச் செலவில் வானாய்வுக்கூடம் அமைத்து, அக்கோடுகள் வற்றிவரும் ஓர் உலகின் அறிவுள்ள மாந்தர் துருவப் பனிநீரைப் பாலைநிலத்துக்குக் கொண்டுசெல்ல வெட்டிய கால்வாய்கள் என்றார். பத்திரிகைகள் இதனைக் கொண்டாடின. பாலைவனம், நீர்ப்பாசனம், அழிந்துவரும் ஒரு நாகரிகம் என எல்லாம் பொருந்திய அருமையான கதை அது.

1903 இல் கிறீனிச் வானாய்வுக்கூடத்தைச் சேர்ந்த மோண்டர் ஒரு காரியம் செய்தார். அங்கிருந்த பாடசாலையொன்றின் தலைமையாசிரியர் எவன்ஸைத் துணைக்கு அழைத்து, வட்டமொன்றினுள் ஒழுங்கற்ற புள்ளிகளும் திட்டுகளும் மட்டுமே கொண்ட ஒரு படத்தை வகுப்பின் முன்னே தொங்கவிட்டார். அதில் கோடு எதுவும் இல்லை. வெவ்வேறு தூரத்தில் அமர்த்தப்பட்ட பையன்களைக் கண்டதை வரையச் சொன்னார்கள். முன்வரிசைப் பையன்கள் புள்ளிகளை வரைந்தார்கள். பின்வரிசையினருக்கு எதுவும் தெரியவில்லை. நடுவிலிருந்தவர்கள் புள்ளிகளை இணைத்து நேர்கோடுகளை வரைந்தார்கள். செவ்வாயைப் பற்றிக் கேள்விப்பட்டிராத பிள்ளைகளின் கண்களும் கால்வாய் வெட்டின. ஒரு வகுப்பறையில், காசு செலவின்றி நடந்த மிகச் சிறந்த விஞ்ஞானப் பரிசோதனைகளுள் இதனை நான் சேர்ப்பேன். பிரதிகளைத் திருத்தும் எவருக்கும் தெரியும், நடுவரிசை எப்போதும் இப்படித்தான் என்று.

இந்த வேளையில்தான் அல்பிரட் ரசல் வொலஸ் வருகிறார். 1823 இல் பிறந்து, பதினான்கு வயதில் பாடசாலையை விட்டவர். நில அளவையாளராக உழைத்தவர். சிறிது காலம் ஆசிரியத் தொழிலும் பார்த்தவர். 1854 முதல் 1862 வரை மலாய்த் தீவுக்கூட்டத்தில் தீவு தீவாக அலைந்து பறவைகளையும் வண்டுகளையும் சேகரித்தார். 1858 இல் அங்கிருந்து இயற்கைத் தேர்வு பற்றிய தன் கட்டுரையை டார்வினுக்கு அனுப்பினார். கூர்ப்புக் கொள்கை இருவரின் பெயரிலும் அவ்வாண்டே இலண்டனில் வாசிக்கப்பட்டது. டார்வினின் பெயர் நிலைத்த அளவுக்கு வொலஸின் பெயர் நிலைக்கவில்லை. அது வேறு கதை.

எண்பது வயதில், 1903 இல், பிரபஞ்சத்தில் மனிதனின் இடம் பற்றி வொலஸ் ஒரு நூல் எழுதினார். அதில் அவர் செய்த புதுமையான காரியம், உயிர் என்ற சொல்லை ஒற்றைச் சொல்லாக விட்டுவிடாமல் அதற்கு வேண்டியவற்றைப் பிரித்து அடுக்கியதாகும். நீர் திரவமாக நிற்கும் ஒடுங்கிய வெப்ப எல்லை வேண்டும். அந்த எல்லை கோடிக்கணக்கான ஆண்டுகள் குலையாமலிருக்க வேண்டும். வளியைப் பிடித்து வைத்திருக்கத்தக்க பருமன் கோளுக்கு வேண்டும். ஆழமான, வற்றாத சமுத்திரங்கள் வேண்டும். முகில் திரள்வதற்கு வளியில் தூசியும் வேண்டும். இவற்றுள் ஒன்று பிசகினாலும் காரியம் கெட்டுவிடும் என்றால், எல்லாம் ஒருங்கே வாய்க்கும் இடங்கள் மிக அருமையாகத்தான் இருக்கும். மறுபதிப்பில் அவர் இன்னொன்றையும் சேர்த்தார். மனிதன் தோன்றியது நீண்ட கூர்ப்புச் சங்கிலியின் இறுதியில். அதன் ஒவ்வொரு கணுவும் அந்தந்த நேரத்துச் சூழலின் விளைவு. அதே சங்கிலி வேறோரிடத்தில் மீண்டும் கோக்கப்படும் வாய்ப்பு எண்ணிப் பார்க்கவும் இயலாதபடி சிறிது.

1906 இல் லொவெலின் கால்வாய் நூல் மதிப்புரைக்காக வொலஸிடம் வந்தது. மதிப்புரை நீண்டு 1907 இல் தனி நூலாயிற்று. செவ்வாயின் சராசரி வெப்பநிலை தென் இங்கிலாந்தினுடையதை ஒத்தது, ஏறத்தாழ 9 பாகை செல்சியஸ் என்பது லொவெலின் கணக்கு. பௌதிகவியலாளர் பொயின்டிங்கின் ஆய்வைத் துணைக்கொண்டு, அது உறைநிலைக்கு வெகுவாகக் கீழே இருக்கும் என்று வொலஸ் காட்டினார். வளி அவ்வளவு ஐதாக உள்ள இடத்தில் நீர் திரவமாக நிற்காது என்றார். கால்வாய் பற்றி அவர் சொன்னது எந்த வயற்காரனுக்கும் விளங்கும்: நீர் தட்டுப்பாடான நாட்டில், நூற்றுக்கணக்கான மைல் பாலைவெளியில், மூடாத வாய்க்காலில் நீரை அனுப்புகிறவன் அறிவுள்ளவனாக இருக்க மாட்டான். போகும் வழியிலேயே அது ஆவியாகிவிடும்.

1965 ஜூலையில் மரினர் 4 விண்கலம் செவ்வாயைக் கடந்து சென்று 22 படங்களை அனுப்பியது. கால்வாய் எதுவும் இல்லை. சந்திரனில் உள்ளவை போன்ற பள்ளங்கள் இருந்தன. வளியமுக்கம் பூமியினுடையதில் நூறில் ஒரு பங்குக்கும் குறைவாக இருந்தது. வொலஸ் இறந்து ஏறத்தாழ ஐம்பத்திரண்டு ஆண்டுகள் ஆகியிருந்தன.

வொலஸ் சொன்னதெல்லாம் சரியென்று இதற்குப் பொருளல்ல. சூரியன் நட்சத்திரத் தொகுதியின் நடுவே இருக்கிறது, அதனாலேயே பூமிக்கு இந்த வாய்ப்பு என்று 1903 நூலில் அவர் கட்டிய பெரிய வாதம் அடியோடு விழுந்துவிட்டது. சூரியன் பால்வீதியின் மையத்திலிருந்து ஏறத்தாழ 26,000 ஒளியாண்டு தள்ளியிருக்கிறது. ஆவியுலக நம்பிக்கையில் ஊறியிருந்த அவருக்குப் பிரபஞ்சம் மனிதனுக்காகவே ஆனது என்று நிறுவும் ஆசையும் இருந்தது. லொவெலுக்குக் கூட்டம் வேண்டியிருந்தது, வொலஸுக்குத் தனிமை வேண்டியிருந்தது. ஆசையில் இருவரும் சமமானவர்களே. வொலஸ் தன் ஆசைக்குச் சாட்சியாக வெப்பத்தையும் அமுக்கத்தையும் கூட்டி வந்தார் என்பதுதான் வித்தியாசம். அந்தச் சாட்சிகள் அவருடைய ஆசை போன பிறகும் நிலைத்து நின்றன.

அதன் பின்னர் ஊசல் இரண்டு முறை ஆடியது. இரு நட்சத்திரங்கள் உரசுமளவுக்கு நெருங்கிக் கடக்கும்போதே கோள்கள் பிறக்கின்றன என்ற ஜேம்ஸ் ஜீன்ஸின் கொள்கை செல்வாக்குப் பெற்றிருந்த 1920 களில், கோள்களே அருமை என்று கருதப்பட்டது. அக்கொள்கை வீழ்ந்ததும் ஊசல் மறுபக்கம் போயிற்று. 1953 இல் ஸ்டான்லி மில்லர், எளிய வாயுக்களுக்கிடையே மின்பொறியைச் செலுத்தி அமினோ அமிலங்களைப் பெற்றார். 1960 இல் பிராங் டிரேக் அருகிலுள்ள இரண்டு நட்சத்திரங்களை நோக்கி வானொலித் தொலைகாட்டியைத் திருப்பிச் செவிமடுத்தார். மறுவருடம் அவர் எழுதிய சமன்பாடு, பால்வீதியில் எத்தனை நாகரிகங்கள் இருக்கலாம் என்பதைச் சில காரணிகளின் பெருக்கமாகச் சொன்னது. தோமஸ் டிக்கின் கணக்கை விட இது நேர்மையானது. எந்தெந்தப் பெறுமானம் நமக்குத் தெரியாது என்பதை அது மறைக்கவில்லை.

இந்தக் கட்டத்தில் நம் நாட்டவர் ஒருவருக்கு உண்மையான பங்கு இருக்கிறது. 1923 இல் காலியில் பிறந்த சிரில் பொன்னம்பெருமா, சென்னையிலும் இலண்டனிலும் கலிபோர்னியாவிலும் கற்று, நாசாவில் உயிரின் தோற்றம் பற்றிய இரசாயன ஆய்வுகளை நடத்தியவர். 1969 செப்டெம்பரில் அவுஸ்திரேலியாவின் மேர்ச்சிசனில் விண்கல் ஒன்று விழுந்தது. அதில் அமினோ அமிலங்கள் இருப்பதை அவரும் அவருடைய சகாக்களும் 1970 இல் அறிவித்தனர். இவை தொட்டவர்களின் கைவியர்வையிலிருந்து ஒட்டியவையாக இருக்கலாமே என்ற கேள்வி அதற்கு முந்திய விண்கற்களின் விடயத்தில் எழுந்ததுண்டு. பூமியின் உயிர்கள் தம் புரதங்களுக்கு இடக்கை வடிவான அமினோ அமிலங்களையே பயன்படுத்துகின்றன. மேர்ச்சிசன் கல்லிலோ இடக்கையும் வலக்கையும் ஏறத்தாழச் சமமாக இருந்தன. எனவே அவை மேலிருந்து வந்தவை. உயிரின் செங்கல் வானெங்கும் கிடக்கிறது என்பது அத்துடன் உறுதியாயிற்று. செங்கல் கிடப்பதும் வீடு எழும்புவதும் ஒன்றல்ல என்பது அடுத்து வந்தோர் எழுப்பிய பேச்சு.

2000 ஆம் ஆண்டு வொஷிங்டன் பல்கலைக்கழகத்தின் பீட்டர் வார்ட் என்ற தொல்லுயிரியலாளரும் டொனால்ட் பிரவுன்லீ என்ற வானியலாளரும் ‘அரிய பூமி’ என்று பொருள்படும் தலைப்பில் ஒரு நூலை வெளியிட்டனர். வொலஸின் வாதம் நூறு ஆண்டுகளின் தரவுகளோடு மீண்டு வந்தது என்றே அதனைச் சொல்ல வேண்டும். நுண்ணங்கிகள் பிரபஞ்சத்தில் சாதாரணமாக இருக்கலாம், விலங்குகளும் தாவரங்களும் போன்ற சிக்கலான உயிர்களே அருமை என்பது அவர்களின் நிலைப்பாடு. பூமியின் சரிவைக் கட்டிப்பிடித்து வைத்திருக்கும் பெரிய சந்திரன், விண்கற்களைத் தடுக்கும் வியாழன், காபனீரொட்சைட்டைப் பாறைக்குள் புதைத்தும் எரிமலை வழியே மீட்டும் வெப்பத்தைச் சமப்படுத்தும் புவித்தகடுகளின் அசைவு என்று அவர்களின் பட்டியல் நீண்டது. அதிற் சில உருப்படிகள் பிற்பாடு ஆட்டங்கண்டன. சந்திரன் இல்லாவிட்டால் பூமியின் அச்சு பெருங்கோணத்தில் தள்ளாடும் என்று லஸ்கார் 1993 இல் கணித்திருந்தார். 2012 இல் வந்த கணிப்புகளோ தள்ளாட்டம் அவ்வளவு மோசமாக இராது என்றன. வியாழன் தடுக்கும் கற்கள் சில, திருப்பி விடும் கற்கள் சில. மொத்தத்தில் அது காவற்காரன்தானா என்பதே இப்போது ஐயம்.

இதே காலத்தில் கோள்களை எண்ணும் வேலை தொடங்கிவிட்டது. 1995 இல் சுவிட்சர்லாந்தின் மேயரும் கெலோவும் சூரியனையொத்த ஒரு நட்சத்திரத்தைச் சுற்றும் கோளைக் கண்டறிந்தனர். 2019 இல் அதற்காக நோபல் பரிசும் பெற்றனர். 2009 இல் ஏவப்பட்டு 2018 வரை இயங்கிய கெப்ளர் தொலைகாட்டி, ஒன்றரை இலட்சத்துக்கும் மேற்பட்ட நட்சத்திரங்களை இமைகொட்டாமல் பார்த்தது. கோள் குறுக்கே போகும்போது நட்சத்திரத்தின் ஒளி ஒரு பொட்டு மங்கும். பூமி சூரியனுக்குக் குறுக்கே போனால் மங்குவது பன்னிரண்டாயிரத்தில் ஒரு பங்கு. அதையும் பிடிக்கலாம் என்று ஆயிற்று. 2025 இல், உறுதிசெய்யப்பட்ட வேற்றுக்கோள்களின் தொகை 6,000 ஐத் தாண்டியது. கெப்ளரின் தரவைக் கொண்டு 2020 இல் செய்யப்பட்ட ஒரு மதிப்பீட்டின்படி, சூரியனையொத்த நட்சத்திரங்களில் இரண்டுக்கு ஒன்று என்ற அளவில், நீர் திரவமாக நிற்கக்கூடிய தூரத்தில் பாறைக்கோள் இருக்கலாம். ஜீன்ஸின் காலத்து அருமை முற்றாகப் போய்விட்டது. கோள்கள் மலிவு.

ஆனால் ‘பூமியைப் போன்றது’ என்று செய்தித்தாள் எழுதும்போது அதில் அடங்கியிருப்பவை பருமனும் தூரமும் மாத்திரமே. நம் அயலிலுள்ள வெள்ளியை எடுத்துக்கொள்வோம். விட்டத்தில் பூமியின் 95 சதவீதம், அதுவும் பாறைக்கோள். பல ஒளியாண்டுகளுக்கு அப்பாலிருந்து கெப்ளரைப் போன்ற கருவியால் நம்மைப் பார்க்கும் ஒருவன், சூரியனுக்கு இரட்டைப் பூமிகள் என்று மகிழ்ந்து எழுதிவைப்பான். வெள்ளியின் தரையில் வெப்பம் ஏறத்தாழ 460 பாகை செல்சியஸ், ஈயம் உருகும். 2017 இல் 40 ஒளியாண்டு தொலைவில் ஒரு செங்குள்ள நட்சத்திரத்தைச் சுற்றி ஏழு பாறைக்கோள்கள் உள்ளன என்ற செய்தி உலகைக் கலக்கியது. 2023 இல் ஜேம்ஸ் வெப் தொலைகாட்டி, அவற்றுள் உள்ளேயிருக்கும் இரண்டை அளந்தபோது தடித்த வளிமண்டலத்துக்கான அடையாளம் கிடைக்கவில்லை.

என் பார்வையில், அருமை ஒளிந்திருப்பது கோள்களில் அல்ல, நம் பாறைகளில் பதிந்த கால அட்டவணையில். பூமிக்கு வயது 454 கோடி ஆண்டுகள். மேற்கு அவுஸ்திரேலியாவின் பாறைகளில் ஏறத்தாழ 350 கோடி ஆண்டுப் பழைமையான நுண்ணங்கித் தடயங்கள் உள்ளன. கோள் ஆறியதும் உயிர் தாமதமின்றி வந்துவிட்டது. பிறகு நெடுங்காலம் பற்றீரியாவும் அதன் இனத்தாரும் மட்டும். 240 கோடி ஆண்டுகளுக்கு முன் வளியில் ஒட்சிசன் ஏறத் தொடங்கியது. கருவும் உள்ளறைகளும் கொண்ட சிக்கலான கலங்களின் தெளிவான சுவடுகள் ஏறக்குறைய 165 கோடி ஆண்டுக்கு முன்னரே கிடைக்கின்றன. விலங்குகளோ கடைசி 60 கோடி ஆண்டுக்குள் வந்தவை. பூமியின் வாழ்நாளை ஒரு பாடசாலைத் தவணையாக எடுத்தால், விலங்குகள் வந்து சேர்வது கடைசி இரண்டு வாரத்தில்.

தாமதம் எங்கே நேர்ந்தது? நம் உடற்கலங்களில் சக்தியை ஆக்கித் தரும் இழைமணி, ஒரு காலத்தில் தனித்து வாழ்ந்த பற்றீரியா. இன்னொரு கலத்துக்குள் புகுந்து குடியிருக்கத் தொடங்கியது என்று 1967 இல் லின் மார்குலிஸ் எழுதினார். பல ஆய்விதழ்கள் திருப்பியனுப்பிய கட்டுரை அது. இன்று பாடநூலில் இருக்கிறது. மாமரம், காளான், மீன், மனிதன் என்று சிக்கலான கலங்களையுடைய எல்லாமே ஒரே மூதாதையின் வழி வந்தவை. கண் பலமுறை தனித்தனியே கூர்ப்படைந்திருக்கிறது. சிறகும் அவ்வாறே. ஆனால் இந்தக் குடியேற்றத்திலிருந்து சிக்கலான கலம் உருவானது, நாம் அறிந்தவரை, ஒரேயொரு முறைதான். இழைமணி இல்லாமல் பெரிய கலத்துக்கு வேண்டிய சக்தி கிடைக்காது, ஆகவே அந்தக் கதவைத் திறந்தாலன்றி மேலே போக வழியில்லை என்று நிக் லேன் வாதிக்கிறார். அது சரியானால் பால்வீதியின் கோடிக்கணக்கான இதமான கோள்களில் பச்சை வழுக்கல் படிந்திருக்கும். அதை மிதித்து வழுக்கி விழ ஒரு கால் இராது.

இதற்கும் மறுப்பு உண்டு. ஒருமுறைதான் நடந்தது என்பதற்கு, முதலில் வந்தவன் இடத்தைப் பிடித்துக்கொண்டான், பின்னால் வந்தவர்கள் சுவடின்றி அழிந்தார்கள் என்றும் விளக்கம் கூறலாம். 1983 இல் பிரண்டன் கார்ட்டர், அறிவுள்ள உயிர் தோன்றுவதற்குச் சில கடினமான படிகளைத் தற்செயலாகத் தாண்ட வேண்டும் என்றும், சூரியனின் ஆயுளோடு ஒப்பிடுகையில் நாம் மிகப் பிந்தி வந்திருப்பதே அதற்குச் சான்று என்றும் காட்டியிருந்தார். 2025 இல் டேனியல் மில்ஸும் அவருடைய சகாக்களும் இதனை ஏற்க மறுத்தனர். படிகள் கடினமானவை அல்ல, ஒட்சிசன் போன்ற சூழல் நிபந்தனைகள் தயாராகும் வரை உயிர் காத்திருந்தது, தயாரானதும் ஏறியது என்பது அவர்கள் கட்சி. ஒரே பாறை அட்டவணையை வைத்துக்கொண்டு இரு தரப்பும் வாதாடுகின்றன. மாதிரி ஒன்றாக இருக்கும் வரை தீர்ப்புச் சொல்ல ஆளில்லை.

இரண்டாவது மாதிரி கிடைக்கக்கூடிய இடங்களுள் ஒன்று, லொவெல் கால்வாய் வெட்டிய அதே செவ்வாய். 2024 ஜூலையில் பேர்செவிரன்ஸ் ஊர்தி அங்கே, நீர் ஓடிக் காய்ந்த பழைய ஆற்றுப்படுக்கை ஒன்றில், சிறுத்தைப் புள்ளி போன்ற வளையங்களைக் கொண்ட ஒரு கல்லைக் கண்டது. புள்ளிகளின் ஓரத்தில் இரும்புக் கனியங்கள் இருந்தன. பூமியில் அத்தகையவை பெரும்பாலும் நுண்ணங்கிகளின் வேலையோடு சேர்ந்து காணப்படுகின்றன. உயிரின்றியும் அவை உண்டாகலாம். 2025 செப்டெம்பரில் வெளியான ஆய்வு, இரண்டில் எது என்று சொல்லாமல் நிறுத்திக்கொண்டது. உயிர்தான் என்று ஆனாலும், விண்கல்லில் ஒட்டிப் பூமிக்கும் செவ்வாய்க்குமிடையே போய்வந்த ஒரே குடும்பமா, தனித்தனியே பிறந்த இரண்டா என்று பார்க்க வேண்டும். இரண்டு என்றால் வொலஸின் சங்கிலியில் முதற்கணுவாவது மலிவானது என்று தெரிந்துவிடும். அதற்குக் கல்லை ஆய்வுகூடத்தில் அறுத்துப் பார்க்க வேண்டும். ஊர்தி அதில் ஒரு துண்டைத் துளைத்தெடுத்து, குழாயில் அடைத்து மூடி வைத்திருக்கிறது. அதனைப் பூமிக்கு எடுத்துவரும் திட்டம் செலவுக் கணக்கில் சிக்கிக்கொண்டது.